மூவாயிரம் வருஷத்துச் சுண்ணாம்பு

எங்கள் எஸ்டேட்டில் இருக்கும் பழங்காலத்துக் கற்களைப் படம் பிடிக்க அரசாங்கத்திலிருந்து ஆட்கள் வருகிறார்கள் என்ற சேதி வந்தபோது, எந்தக் கற்கள் என்று பாதிப் பேர் கேட்டார்கள். நியாயமான கேள்விதான். நீலகிரியில் ஒரு தேயிலைச் செடிக்கும் இன்னொன்றுக்கும் நடுவே கல்லுக்கு என்ன பஞ்சம்.

குன்னூருக்கும் கோத்தகிரிக்கும் இடையே ஒரு சரிவில் இருந்தது அந்த எஸ்டேட். சுதந்திரம் வந்து எட்டுப் பத்து வருஷம் ஆகியிருக்கும். நான் அங்கே ஜீப் ஓட்டிக்கொண்டிருந்தேன். சண்டை முடிந்தபின் பட்டாளத்துக்காரர்கள் ஏலத்தில் தள்ளிவிட்ட ஜீப். ஓட்டுகிறவனையும் ஏறுகிறவனையும் எதிரியாகவே நினைத்துக்கொண்டிருந்த வண்டி. ஆனால் எனக்கு அதில் ஒரு லாபம் இருந்தது. குலுக்கலில் மனிதர்களுக்கு வாய் திறந்துவிடும். ஏறினவர் யாரானாலும் இறங்கும்போது ஒரு சொலவடையையாவது வண்டியில் விட்டுவிட்டுப் போவார். நான் பள்ளிக்கூடம் போய்ப் படித்ததைவிட அந்த வண்டியில் உட்கார்ந்து கேட்டதுதான் அதிகம்.

எஸ்டேட்டின் உச்சியில், ஒன்பதாம் நம்பர்க் காட்டுக்கு மேலே, தேயிலை முடிந்து சோலைக்காடு தொடங்குகிற இடத்தில் ஒரு கல்வட்டம் இருந்தது. இடுப்பளவு உயரமுள்ள கற்கள் வட்டமாக நிற்கும். நடுவில் நான்கு பலகைக் கற்களைப் பெட்டி மாதிரி நிறுத்தி, மேலே ஒரு பெரிய கல்லை மூடியாக வைத்திருப்பார்கள். யார் வைத்தது என்று யாருக்கும் தெரியாது. எங்கள் ஆட்கள் அதைப் பாண்டவர் ஊடு என்பார்கள். கொழுந்து கிள்ளும் பெண்கள் மத்தியானம் அங்கே உட்கார்ந்துதான் சாப்பிடுவார்கள். நனைந்த கம்பளியை மூடிக்கல்லில் காயப்போடுவார்கள். ஒரு ஆடு கால் நீட்டிப் படுக்க முடியாத பெட்டிக்குள் அஞ்சு பேர் எப்படி இருந்திருப்பார்கள் என்று நான் ஒருமுறை கேட்டேன். "எங்க லைன் ஊட்டுல எட்டுப் பேரு இருக்கறோம், அதை வந்து கேளுங்க மொதல்ல" என்றாள் ஒருத்தி.

மேலே போக வேண்டுமென்றால் இரண்டே வழி. ஒன்று என் ஜீப். இல்லையென்றால் அட்டைக்கடியோடு இரண்டு மைல் ஏற்றம்.

துரைக்குக் கடிதம் வந்தது. வெள்ளைக்காரத் துரை கப்பலேறிப் போய், நம்மூர்த் துரை வந்து மூன்று வருஷமாகியிருந்தது. தஞ்சாவூர்ப் பக்கத்துப் பெரிய குடும்பத்துப் பிள்ளை. தமிழ் நன்றாகவே தெரிந்திருக்க வேண்டும். ஆனால் அந்த நாற்காலிக்கு அது சரிப்படாது என்று நினைத்து, வெள்ளைக்காரன் பேசுகிற தமிழைச் சிரமப்பட்டுக் கற்றுக்கொண்டிருந்தார். அவர் ஒன்பதாம் நம்பர் மேஸ்திரியைக் கூப்பிட்டுச் சொன்னது இவ்வளவுதான்: "மேஸ்திரி, பெரிய ஆள் எல்லாம் வருது. பாண்டவர் வீடு நீட்டா இருக்கணும். நீ பார்."

மேஸ்திரியைப் பற்றிச் சொல்ல வேண்டும். சேலத்துப் பக்கம் பிறந்து, பத்து வயதில் மலையேறி, களை பிடுங்கிக் கவாத்து வெட்டிப் படிப்படியாக மேஸ்திரி ஆனவர். அவருக்குத் தெரிந்த உலகத்தில் வேலை இருந்தால் எஸ்டேட் வரிசையாகக் கட்டிவைத்த லைனில் ஒரு வீடு. வேலை போனால் வாரக்கடைசிக்குள் சட்டிபானையோடு ரோட்டில் நிற்க வேண்டும். அப்போது அவர் மனைவி பிள்ளை பெற்று இருபது நாள்தான் ஆகியிருந்தது. ஐப்பசி மாதத்துக் குளிர். சுவருக்குள்ளேயே விரல் விறைத்துப்போகும்.

இனி நடந்ததைப் புரிந்துகொள்ள, எஸ்டேட்டில் 'நீட்டா வைப்பது' என்றால் என்னவென்று தெரிய வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை கம்பெனிப் பெரியவர் ஒருவர் கணக்கும் காடும் பார்க்க வருவார். அவர் வருகிறார் என்றால் முதல் நாளே சுண்ணாம்பு கரைத்துவிடுவார்கள். ரோட்டோரத்துக் கல்லெல்லாம் வெள்ளை. பாலத்துத் திட்டு வெள்ளை. மரத்துக்கு இடுப்புவரை வெள்ளை, அடியில் ஒரு சாண் காவிப் பட்டை. பெரியவர் காரில் போகிற வேகத்தில் வெள்ளையும் காவியும் மட்டும்தான் தெரியும். எல்லாம் ஒழுங்காக இருக்கிறது என்று எழுதிவிட்டுப் போய்விடுவார். அசையாமல் நிற்கிற எதுவும் அன்றைக்குத் தப்பாது. ஒருமுறை வழியில் படுத்திருந்த ஒரு கிழட்டு எருமையின் கொம்புக்கு அடித்துவிட்டார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. நான் பார்க்கவில்லை, ஆனால் நம்புகிறேன்.

மேஸ்திரியும் வேறென்ன செய்வார்.

படக்காரர்களை அழைத்துவர நான் மேட்டுப்பாளையம் போய் இரண்டு நாள் காத்துக் கிடந்தேன். வந்தவர்கள் இரண்டு பேர். பம்பாயிலிருந்து டைரக்டர், தமிழ் தெரியாது, ஆனால் எதைப் பார்த்தாலும் இரண்டு கையையும் சட்டமாக மடித்து அதன் வழியாகப் பார்ப்பார். காமிராக்காரர் கோயமுத்தூர், நம்மைப்போல் பேசுகிறவர். சாவி கொடுத்து ஓட்டுகிற ஒரு காமிரா, ஜிகினாத் தாள் ஒட்டின இரண்டு பலகை, ஒரு தகரப் பெட்டியில் ஃபிலிம். அந்தப் பெட்டியைக் காமிராக்காரர் மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தார். அளந்து கொடுத்த ஃபிலிமாம். ஒரு அடி வீணானாலும் எழுத்தில் காரணம் சொல்ல வேண்டுமாம்.

ஒன்பதாம் நம்பர் வளைவு திரும்பினேன். என் கால் தானாகப் பிரேக்கை மிதித்துவிட்டது.

கறுத்த சோலைக்காட்டுக்கு முன்னால், தோய்த்துக் காயப்போட்ட வேட்டி மாதிரி ஒரு வட்டம் நின்றுகொண்டிருந்தது. ஒவ்வொரு கல்லும் தும்பைப்பூ வெள்ளை. நீலம் வேறு கலந்திருந்ததால் ஒரு மினுமினுப்பு. அடியில் நூல் பிடித்தது போல ஒரு சாண் காவி. பாசியும் பூசணமும் படிந்து எத்தனையோ காலமாக நின்றவற்றை மேஸ்திரி தேங்காய் நார் போட்டுத் தேய்த்துக் கழுவி, மேலே இரண்டு கை சுண்ணாம்பு அடித்திருந்தார். நடுப்பெட்டிக்கு மூன்று கை. பழைய கோட்டு, தலைப்பாகை சகிதம் பக்கத்தில் நின்று சலாம் வைத்தார். புருவத்தில் மட்டும் ஒரு பொட்டுச் சுண்ணாம்பு ஒட்டியிருந்தது.

டைரக்டர் கீழே குதித்து, கையைச் சட்டமாக மடித்து, அதன் வழியாக ஒவ்வொரு கல்லாகப் பார்த்தார். துரை மோட்டார் சைக்கிளில் அப்போதுதான் மேலே வந்து சேர்ந்தார். கற்களைப் பார்த்தார். அவருடைய முகமும் சுண்ணாம்பு நிறத்துக்கு வந்தது. அவர் வாய் திறப்பதற்குள் டைரக்டர் ஓடிப்போய் அவர் கையைப் பிடித்துக் குலுக்க ஆரம்பித்துவிட்டார். இந்தியா பூராவும் இடிபாடுகளைப் படம் எடுத்திருக்கிறாராம். இவ்வளவு அக்கறையாகப் பாதுகாத்த இடத்தை அவர் பார்த்ததே இல்லையாம். காமிராக்காரர்தான் எனக்கு மொழிபெயர்த்துச் சொன்னார்.

துரை இரண்டு பக்கமும் பார்த்தார். "எங்களால் ஆனதைச் செய்கிறோம்" என்று இங்கிலீஷில் சொல்லிச் சிரித்தார்.

பிறகு மேஸ்திரியை என் ஜீப்புக்குப் பின்னால் கூட்டி வந்தார். நான் டயருக்குக் காற்றுப் பார்க்கிற பாவனையில் குனிந்திருந்தேன்.

"மேஸ்திரி, நீ என்னா காரியம் செஞ்சான்?"

"நீட்டா வெக்கச் சொன்னீங்களே, தொரை."

"நீட் என்றால் புல் வெட்டு. குப்பை எடு."

"அதும் பண்ணியிருக்குதுங்க, தொரை."

துரை பல்லைக் கடித்தார். "இந்த ஆள் படம் எடுக்குற ஆள், இதுக்கு ஒண்ணும் தெரியாது. நாளைக்குக் கல் படிச்ச பெரிய ஆபீஸர் வருது. அது கேட்டால், எஸ்டேட்டுக்குச் சம்பந்தம் இல்லை. நீ உன் இஷ்டத்துக்குச் செஞ்சான். சனிக்கிழமை செக்ரோல், அந்த ஆள்கணக்கு நோட்டு, கொடுத்துட்டு வீட்டைக் காலி பண்ணு." கொஞ்சம் யோசித்து, "ஜெயில் இருந்தால் அது வேற" என்றும் சேர்த்துக்கொண்டார்.

துரை டைரக்டரிடம் திரும்பிப் போனார். மேஸ்திரி என்னிடம் கேட்டது ஜெயிலைப் பற்றி அல்ல. "ட்ரைவரே, சனிக்கெழமை நம்ம எஸ்டேட் லாரி ஏதாச்சும் கீழ எறங்குதுங்களா? பச்சை ஒடம்புக்காரியை நடத்திக் கூட்டிப் போக முடியாதுங்க."

"கற்களைத் தேய்த்துக் கழுவிவிட்டால்?" என்று மத்தியானம் யோசனை சொன்னேன். குன்றிலிருந்து குழாய் போட்டுத் தண்ணீர் கொண்டுவந்தால் சாயங்காலத்துக்குள் சுண்ணாம்பைப் போக்கிவிடலாம். மேஸ்திரி வாளியையே தூக்கிவிட்டார். காமிராக்காரர் குறுக்கே வந்து நின்றார்.

"கல்லுல கை வெச்சீங்கன்னா நான் அழுதுருவேன். காத்தாலயிருந்து நானூறு அடி எடுத்திருக்கறேன். நாளைக்கு மிச்சத்தை எடுக்கறப்பக் கல்லுக் கறுப்பா இருந்தா, படத்துல ஒரு நிமிசம் வெள்ளை, ஒரு நிமிசம் கறுப்புன்னு மாறும். பாக்கறவன் ரெண்டு ஊருன்னு நெனைப்பான்." பிறகு குரலைத் தணித்துக்கொண்டார். "அதுவுமில்லாம, நெசத்தைச் சொன்னா, நீங்க வெள்ளையடிக்காம இருந்திருந்தா இதைப் படமே எடுக்க முடியாதுங்க. பின்னால காடு கறுப்பு, கல்லுங் கறுப்பு. எருமை மந்தைக்குள்ள எருமையைத் தேடற கதை."

படத்துக்கு வெள்ளை வேண்டும். வரப்போகிற ஆபீஸருக்குக் கறுப்பு வேண்டும். நடுவில் மேஸ்திரியின் வீடு. மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பார்கள். மேஸ்திரிக்கு அன்று மூன்றாவது பக்கம் ஒன்றும் இருந்தது.

சாயங்கால வெயில் போவதற்குள் டைரக்டருக்கு ஒரு ஆசை வந்தது. செத்தவர்களைப் புதைத்து இந்தக் கற்களை நட்ட ஆதி குடிகளின் வாரிசுகள் அவற்றைக் கும்பிட்டுப் போவது போல ஒரு காட்சி. கொழுந்துப் பெண்கள் பத்துப் பேரைக் கூட்டி வந்து வரிசையாக நிறுத்தினார்கள். கம்பளியைக் கழற்றச் சொன்னார். பழங்காலத்தில் கம்பளி கிடையாதாம்.

"குளுரு அப்ப இருந்துச்சுங்களா இல்லீங்களா, கேளுங்க அவரை" என்றாள் வரிசையில் மூத்தவள்.

காமிராக்காரர் கேட்கவில்லை. "அம்மணி, உங்க முன்னோரைக் கும்பிடற மாதிரி கும்பிட்டுட்டு அந்தப் பக்கம் போயிருங்க. அவ்வளவுதான்."

"என்ற முன்னோரு ஆத்தூருல பொதைச்சுக் கெடக்கறாங்க. இந்த மலைக்கு என்ற அப்பன் வந்தது கங்காணி குடுத்த முன்பணத்துக்கு. இவங்களை எனக்குப் பழக்கமில்லீங்க."

"சும்மா ஒரு கும்பிடு."

"கும்பிடறேன். அதுக்கென்ன, செத்தவங்க ஊட்டுக்காச்சும் வெள்ளையடிச்சு வெச்சிருக்கறாரு மேஸ்திரி. எங்க லைனுக்கு அடிச்சு ஏழு வருசமாச்சு." அவள் கையைக் கூப்பினாள். பின்னால் வந்த ஒன்பது பேரும் சிரிப்பை அடக்க முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். டைரக்டர் அதைப் பக்தி என்று எடுத்துக்கொண்டு மிகவும் சந்தோஷப்பட்டார்.

வேலை முடிந்து டீ குடிக்கும்போது காமிராக்காரரிடம் நாளைக்கு வருகிற ஆபீஸர் எப்படிப்பட்டவர் என்று விசாரித்தேன்.

"பெரிய படிப்பாளிங்க. இந்தப் படத்துக்குப் பின்னால பேசற பேச்செல்லாம் அவரு எழுதறதுதான். இந்தக் கல்லைப் பத்தி அவரு ரிப்போர்ட்டு எங்ககிட்டவே இருக்குது. வருசா வருசம் நேர்ல வந்து, ஒவ்வொரு கல்லாத் தொட்டுப் பாத்து, நல்ல நெலைமையில இருக்குதுன்னு கையெழுத்துப் போட்டிருக்கறாரு. ஆறு வருசத்து ரிப்போர்ட்டு."

நான் டீயைக் குடித்து முடித்தேன். அந்த ஜீப்பை நான் ஓட்ட ஆரம்பித்து ஏழு வருஷம்.

மறுநாள் காலை குன்னூர் ஸ்டேஷனில் அவரை ஏற்றினேன். ஒல்லியான, வயதான, சாதுவான மனிதர். கழுத்தைச் சுற்றி மப்ளர். மலைரயிலில் வரும்போதே வயிறு புரட்டியிருக்கிறது. என் ஜீப்பில் மூன்றாவது வளைவில் ஓரமாக நிறுத்தச் சொல்லி இறங்கினார். வாய் கொப்பளித்துவிட்டு, எலுமிச்சம்பழத்தை மோந்துகொண்டு, "ஏம்ப்பா, இன்னும் எத்தனை தூரம்? இந்த மாதிரி ஒரு ரோட்டில் நான் வந்ததே இல்லை" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "அந்தக் கல்லெல்லாம் நிற்கிறதா, படுத்திருக்கிறதா?" என்றும் கேட்டார்.

"நிக்குதுங்க அய்யா."

"ஊம். அப்படித்தான் இருக்கும்."

எனக்கு அவர்மேல் கோபம் வரவில்லை. வயிறு ஒத்துக்கொள்ளாத மனிதரை வருஷா வருஷம் மலையேறு என்றால் அவர்தான் என்ன செய்வார். கீழே மேசையில் உட்கார்ந்து, நல்ல நிலைமை என்று எழுதுவார். கல்தானே, எங்கே ஓடிப்போகப் போகிறது.

மேலே எல்லோரும் தயாராக நின்றார்கள். துரை தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, மேஸ்திரிக்கும் தனக்கும் நடுவே பத்தடி இடைவெளி விட்டு நின்றார். மேஸ்திரியின் மனைவியும் வந்திருந்தாள். தலையில் துண்டைக் கட்டி, பிள்ளையைக் கம்பளியில் சுருட்டிக்கொண்டு, தேயிலைச் செடி ஓரத்தில் நின்றாள். வர வேண்டாம் என்று அவர் சொல்லியிருக்கிறார். "என்ற ஊட்டுக்கு என்ன ஆவுதுன்னு நான் பாக்க வேண்டாமா?" என்று வந்துவிட்டாள்.

ஆபீஸர் இறங்கினார். கற்களைப் பார்த்து நின்றார். அந்த நிற்பு எனக்குப் பிடிக்கவில்லை. எதுவும் தெரியாதவர் நிற்கிற நிற்பு இல்லை அது. மெதுவாகப் போய் முதல் கல்லில் ஒரு விரலை வைத்துத் தேய்த்தார். விரல் வெள்ளையாயிற்று. அதை மூக்கருகே கொண்டுபோனார். பிறகு, சத்தியமாகச் சொல்கிறேன், நாக்கு நுனியில் வைத்துப் பார்த்தார். எங்கள் ஆட்கள் சுண்ணாம்பு உதிராமல் இருக்க உப்புப் போடுவார்கள்.

"இது என்ன?" என்றார். "இந்த வெள்ளை யார் வேலை?"

டைரக்டர் சிரித்தபடி நின்றார். அவருக்குத் தமிழ் தெரியாது. துரை மேஸ்திரியைப் பார்த்தார். மேஸ்திரி தலைப்பாகையைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு ஒரு அடி முன்னால் வந்தார். இன்னும் ஒரு மூச்சில் உண்மையைச் சொல்லிவிடுவார் என்று தெரிந்தது. நல்ல மனிதர்களிடம் உள்ள பெரிய தொந்தரவு அது.

நான் ஜீப்பில் சாய்ந்தபடியே பேசினேன். "அய்யா போன வருசம் வந்தப்பவும் இப்படித்தானுங்களே இருந்துச்சு."

ஆபீஸர் திரும்பினார்.

"அன்னைக்குச் செரியான மழைங்க" என்றேன். "மேகம் வேற எறங்கிருச்சு. அதனால அய்யாவுக்கு நெறம் நெனப்பில்லாம இருக்கும். இன்னைக்கு வெயிலுக்குப் பளிச்சுன்னு தெரியுதுங்க."

அவர் என்னை ரொம்ப நேரம் பார்த்தார். வழியில் தான் கேட்ட கேள்விகள் ஒவ்வொன்றும் அவருக்கு நினைவு வந்திருக்க வேண்டும். நானும் துரையின் சம்பளக்காரன்தான். எனக்கும் ஒரு லைன் வீடுதான்.

"போன வருஷம் வண்டி ஓட்டினது நீதானே?" என்றார் கடைசியில்.

"நாந்தானுங்க. ஆறு வருசமும் நாந்தானுங்க அய்யா."

அவர் கைக்குட்டையை எடுத்து விரலைத் துடைத்தார். ஒவ்வொரு விரலாக, துடைக்க வேண்டாத விரல்களையும் சேர்த்து. "ஆமாம்" என்றார். "மழை. ஞாபகம் வருகிறது."

அதன்பிறகு டைரக்டரிடம் போய் இங்கிலீஷில் பேச ஆரம்பித்தார். முதலில் தயங்கித் தயங்கி. பிறகு கை வீசி. காமிராக்காரர் என் காதில் போட்டுக்கொண்டே வந்தார். வெள்ளை என்பது இறந்தவர்களின் தூய்மையாம். அடியிலுள்ள சிவப்புப் பட்டை பூமித்தாயின் ரத்தமாம். கடைசியில் தன் பேச்சைத் தானே நம்பிவிட்டார் என்றுதான் தோன்றியது. நோட்டுப் புத்தகத்தை எடுத்துப் பட்டையின் அகலத்தை அளந்து எழுதிக்கொண்டார். சரியாக ஒரு சாண் என்று ஆச்சரியப்பட்டார். அது மேஸ்திரியின் சாண்.

அந்தக் கற்களுக்கு அடியில் யார் படுத்திருந்தார்களோ, அவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. எத்தனையோ காலத்துப் பாசி ஒரு காலைப்பொழுதில் போய்விட்டது என்பது பிற்பாடுதான் மனதில் தைத்தது. அன்றைக்கு எனக்குத் தெரிந்த உயிரெல்லாம் கம்பளிக்குள் சுருண்டிருந்த அந்த இருபது நாள் உயிர்தான்.

சனிக்கிழமை வந்தது. துரை மேஸ்திரியைக் கூப்பிடவில்லை. ஆனால் மன்னிக்கவும் இல்லை. "படம் வரட்டும், பார்த்துக்கலாம்" என்று கணக்கப்பிள்ளையிடம் சொன்னாராம். ஆறு மாதம் அந்தக் குடும்பம் அடுப்பு மூட்டிச் சாப்பிட்டதே தவிர, கிளம்பத் தயாராகக் கட்டிவைத்த டிரங்குப் பெட்டியைத் திறக்கவில்லை. தினம் வேண்டிய துணி மட்டும் கொடியில் தொங்கும்.

படம் குன்னூர் தியேட்டருக்கு வந்தது. அந்தக் காலத்தில் பெரிய படத்துக்கு முன்னால் அரசாங்கப் படம் ஒன்று கட்டாயம் ஓடும். ஜனங்கள் அதைக் கணக்குப் பண்ணி, வெளியே நின்று டீயும் பீடியும் முடித்துவிட்டு, அணைக்கட்டும் ஆராய்ச்சியும் ஓய்ந்தபிறகு உள்ளே வருவார்கள். அன்றைக்கு மட்டும் எங்கள் எஸ்டேட் லாரி இரண்டு நடை அடித்து, தரை டிக்கெட் முழுக்க முதல் மணிக்கே நிரம்பிவிட்டது. சமாச்சாரம் தெரியாத டிக்கெட்காரர், பெரிய படத்தில் யாரோ நம் ஊர்க்காரர் நடித்திருக்கிறார் என்று நினைத்துக்கொண்டார்.

திரையில் எங்கள் கற்கள் வந்தன. அம்மாடி, அப்படி ஒரு வெள்ளை. காவி கறுப்பாக விழுந்திருந்தது. வீணை ஒன்று பின்னால் அழுதது. கொழுந்துப் பெண்கள் கும்பிட்டுப் போனார்கள். தியேட்டர் கூரை போகிற மாதிரி விசில். பிறகு ஒரு கனத்த குரல், மூவாயிரம் ஆண்டுகளுக்கு முன் பெயர் தெரியாத ஓர் இனம் தன் முன்னோருக்கு இந்த வெண்ணிற இல்லங்களை எழுப்பியது என்று சொல்லியது. காமிரா ஒவ்வொரு கல்லாக நகர்ந்து ஒரு கல்லில் நின்றது. இந்த ஒரு கல்லில் மட்டும் பட்டை இல்லை, கவனியுங்கள் என்றது குரல். இது தலைவனின் கல்லாக இருக்கலாம்; தலைவன் மண்ணுக்குக் கட்டுப்பட்டவன் அல்லன் என்று அவர்கள் கருதியிருக்கக்கூடும்.

எனக்குப் பக்கத்தில் மேஸ்திரி நெளிந்தார். "காவி தீந்துபோச்சுங்க" என்றார் மெதுவாக. "கடைக்கு ஆளு அனுப்பினேன். வாரதுக்குள்ள நீங்க வந்துட்டீங்க."

"பேசாம பாருங்க மேஸ்திரி."

"பேரு தெரியாத இனமாமா. ரெண்டு நாளா முதுகு ஒடிஞ்சு கெடந்தவன் நான்."

பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்த அவர் மனைவி தலை நிமிராமலே சொன்னாள்: "ஏனுங்க, பேரு தெரியாதுன்னு அவங்க சொல்றவரைக்குந்தான் நமக்குச் சோறு. பேரு தெரியாதவங்களே கட்டினதா இருந்துட்டுப் போவட்டும், விடுங்க."

கேட்கிறவன் கேனையனாக இருந்தால் கேப்பையிலே நெய் வடியும் என்பது எல்லோருக்கும் தெரிந்த சொலவடை. சொல்கிறவனும் கேட்கிறவனும் இரண்டு பேருமே விவரமானவர்களாக இருந்தாலும் வடியும் என்பதை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

அதற்கப்புறம் இரண்டு மாதம் கழித்து அரசாங்கக் கடிதம் ஒன்று வந்தது. துரை என்னையும் மேஸ்திரியையும் ஆபீசுக்குக் கூப்பிட்டார். மேலே போக ஜீப் வேண்டுமே என்று என்னை. கடிதத்தில், அந்தச் சின்னங்கள் படத்தில் காணப்படும் அதே நிலையில் நிரந்தரமாகப் பாதுகாக்கப்பட வேண்டும் என்றிருந்தது. வருஷத்துக்கு ஒருமுறை மேலதிகாரிகள் வந்து பார்ப்பார்களாம். நிறம் மங்கியிருந்தால் எஸ்டேட்டே பொறுப்பாம். கீழே எங்கள் மப்ளர் அய்யாவின் கையெழுத்து.

மழை அடித்து அதற்குள் கற்கள் பாதி வெளுத்து, பாதி கறுத்து, நோய் கண்ட மாடு மாதிரி நின்றன.

துரை கடிதத்தை மேசையில் வைத்தார். பேனாவைத் திறந்தார். "மேஸ்திரி, அந்தக் கலவை என்னா? எவ்வளவு சுண்ணாம்பு, எவ்வளவு நீலம்? சொல், எழுதி ஃபைலில் வைக்கணும்."

ஒரு மூட்டைச் சுண்ணாம்பு, ஒரு பொட்டலம் நீலம், இரண்டு கை உப்பு. எங்கள் எஸ்டேட்டில் இடுப்புக் குழந்தையைத் தவிர மற்ற எல்லோருக்கும் தெரிந்த கலவை. மேஸ்திரி சொல்லப்போகிறார் என்று நினைத்தேன். கேட்டால் சொல்லிவிடுகிற மனிதர். அவர் தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டு சுவரைப் பார்த்தார்.

"அது எழுத்துல வராதுங்க, தொரை" என்றார். "கைப்பழக்கமுங்க."

துரையின் பேனா நின்றது. மேஸ்திரியைப் பார்த்தார். பிறகு, உண்மையா என்று கேட்கிற மாதிரி, என்னைப் பார்த்தார்.

"ஆமாங்க தொரை" என்றேன். "அவரு கைக்கு மட்டுந்தான் அந்த நெறம் வரும்."

துரை பேனாவை மூடி வைத்தார்.